பழைய டிரைவர் கோப்பை அழிக்கலாமா?

தென்றல்வாசி:
விண்டோஸ் 11-இல் மெமரி இன்டெக்ரிட்டி என்ற பாதுகாப்பு வசதியை ஆன் செய்ய முடியவில்லை. பொருந்தாத டிரைவர் (கருவிகளை இயக்க உதவும் மென்பொருள்) என்று, பெயர் ‘.சிஸ்’ என முடியும் ஒரு கோப்பைக் காட்டுகிறது. எப்போதோ தூக்கிப் போட்ட ஸ்கேனருடையது. எப்படி நீக்குவது?

வேகமணி:
சிஸ்டம்32-க்குள் டிரைவர்ஸ் ஃபோல்டரில் இருக்கும். அழித்துவிட்டு ரீஸ்டார்ட் செய்யுங்கள். 2024 ஜூலை 19-இல் கிரவுட்ஸ்டிரைக் என்ற பாதுகாப்பு மென்பொருளின் அப்டேட்டால் 85 லட்சம் கணினிகள் விழுந்தபோது, சேஃப் மோடில் போய் சிஸ் கோப்பை அழித்துத்தானே மீட்டார்கள்?

கரிசல்காரன்:
தயவுசெய்து அப்படிச் செய்யாதீர்கள். அன்று அழித்தது டிரைவரையே அல்ல. சி-00000291 என்று தொடங்கும் அந்தக் கோப்புக்குப் பெயரில்தான் சிஸ். உள்ளே இருந்தது டிரைவர் படிக்கும் தகவல். டிரைவர் தனிக் கோப்பு, அது இருந்த இடத்திலேயே இருந்தது.

போன மாதம் ஒரு கடைக் கணினி என்னிடம் வந்தது. விசைப்பலகை மென்பொருள் ஒன்றின் சிஸ் கோப்பை யாரோ அழித்திருந்தார்கள். விண்டோஸ் தன் அமைப்புகளைச் சேமிக்கும் ரெஜிஸ்ட்ரியில், விசைப்பலகையோடு சேர்த்து ஏற்ற வேண்டிய டிரைவர்களைச் சொல்லும் அப்பர்ஃபில்டர்ஸ் பட்டியலில் அதன் பெயர் மட்டும் மிச்சம். விண்டோஸ் அதைத் தேடிக் கிடைக்காமல் எந்த விசைப்பலகையையும் ஏற்கவில்லை. திரையில் வரும் விசைப்பலகையில் மவுஸால் பாஸ்வேர்டைத் தட்டி உள்ளே போய், விண்டோஸின் சொந்த விசைப்பலகை டிரைவரான கேபிடிகிளாஸ் என்பதை விட்டுவிட்டு மற்றதை நீக்கினேன். அப்புறம்தான் வேலை செய்தது.

வேகமணி:
ஸ்கேனருக்கு அந்த ஆபத்து இல்லையே! பயமாக இருந்தால் அழிக்காமல் பெயரை மாற்றி வைக்கலாம்.

கரிசல்காரன்:
பெயர் மாற்றுவது அழிப்பதைவிட மேல், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் விண்டோஸ் டிரைவர்களின் பிரதியை வைத்திருக்கும் டிரைவர்ஸ்டோர் ஃபோல்டரில் முழுத் தொகுப்பும் அப்படியே இருக்கும். அதே ஸ்கேனரை மறுபடி செருகினால் அங்கிருந்து திரும்ப வந்துவிடலாம். தென்றல்வாசி, அந்த எச்சரிக்கையை விரித்தால் ஓஇஎம் என்று தொடங்கி ஒரு எண்ணோடு இன்ஃப் கோப்பின் (டிரைவரை நிறுவும் குறிப்புகள் உள்ள கோப்பு) பெயர் வரும். என்ன எண்?

தென்றல்வாசி:
ஓஇஎம்27.

கரிசல்காரன்:
கமாண்ட் பிராம்ப்டை அட்மினாகத் திறந்து முதலில், டிரைவர்களைக் கையாளும் விண்டோஸ் கட்டளையான பிஎன்பியூட்டில் /எனும்-டிரைவர்ஸ் கொடுங்கள். வெளியார் டிரைவர்கள் மட்டும் வரிசையாக வரும். 27-க்கு நேரே ஸ்கேனர் நிறுவனத்தின் பெயர்தானா என்று பாருங்கள். அதுவேதான் என்றால் மட்டும்: பிஎன்பியூட்டில் /டெலிட்-டிரைவர் ஓஇஎம்27.இன்ஃப் /அன்இன்ஸ்டால்.

வேகமணி:
ஓஇஎம் பெயரே வராத டிரைவர்களும் உண்டே? நான் பார்த்ததில் பாதி அப்படித்தான்.

கரிசல்காரன்:
உண்மை. ஏதாவது மென்பொருள் இன்ஃப் இல்லாமல் நேரடியாகச் சர்வீஸாக (விண்டோஸ் பின்னணியில் ஏற்றும் பதிவாக) போட்டிருக்கும். முதலில் அந்த மென்பொருளையே அன்இன்ஸ்டால் செய்து பார்க்க வேண்டும். அப்போதும் போகவில்லை, எந்த ஃபில்டர் பட்டியலிலும் அதன் பெயர் இல்லை என்றால், சர்வீஸை நீக்கிவிட்டு நீங்கள் சொன்னபடி பெயரை மாற்றலாம்.

தென்றல்வாசி:
27 ஸ்கேனருடையதுதான். நீக்கி ரீஸ்டார்ட் செய்தேன். மெமரி இன்டெக்ரிட்டி ஆன் ஆகிவிட்டது. இருவருக்கும் நன்றி.