எம்டன் வீடு குரூப், செவ்வாய் மதியம்

[2.11] செல்வி அத்தை: பாபு, எண்ணூர் மாமாவோடு எங்கே வருகிறாய்? 3 மணிக்கு ராகு காலம். அதற்குள் அம்மாவை எடுத்தாக வேண்டும்.

[2.12] செல்வி அத்தை: பதில் போடு

[2.14] நான்: எக்ஸ்பிரஸ் ரோட்டில் நிற்கிறோம் அத்தை. கன்டெய்னர் லாரி வரிசை. ஆட்டோ அசையவே இல்லை.

[2.14] மாலா அண்ணி: விம்கோ நகரில் மெட்ரோ ஏறியிருக்கலாமே

[2.15] நான்: தாத்தா மாட்டேன் என்றுவிட்டார். கோடிப் புடவையை அந்தரத்தில் எடுத்துப் போகக் கூடாதாம்.

[2.15] குமார் அண்ணன்: இது எந்த சாஸ்திரம்

[12.47] துபாய் கணேசன்: யாராவது வீடியோ கால் போடுங்கள். ஆயா முகத்தைப் பார்க்கணும்.

[2.18] ரவி மாமா: இனிய காலை வணக்கம். புன்னகையே சிறந்த அணிகலன்.

[2.18] செல்வி அத்தை: ஏங்க! இந்த குரூப்பிலா?

[2.19] ரவி மாமா: இந்தச் செய்தி நீக்கப்பட்டது

[2.22] குமார் அண்ணன்: எடுத்துவிடலாமா? மூலகொத்தளம் சுடுகாட்டில் மூன்றரைக்குச் சொல்லியிருக்கிறது.

[2.22] செல்வி அத்தை: பிறந்த வீட்டுக் கோடி போடாமலா? 92 வயது வரைக்கும் தம்பி தம்பி என்று உயிரை விட்டவள்.

[2.24] குமார் அண்ணன்: அப்போ பரண்மேல் இருக்கும் ஜாடி

[2.24] செல்வி அத்தை: அந்தப் பேச்சை எடுக்காதே

[2.25] மாலா அண்ணி: எந்த ஜாடி? மாவடு ஜாடியா?

[2.31] துறைமுகம் சித்தப்பா: மாலாவுக்காக முழுசாகச் சொல்கிறேன், பொறுமையாகப் படிக்கவும். நுங்கம்பாக்கத்தில் 1792இல் வான் ஆராய்ச்சிக்கூடம் வந்தது. மதராஸ் நேரம் என்பது அங்கே கணித்ததுதான். கிரீன்விச்சைவிட 5 மணி 21 நிமிஷம் 14 நொடி முன்னே. ரயிலெல்லாம் அந்த நேரப்படிதான் ஓடும். 1906 ஜனவரி 1 அன்று இந்தியா முழுக்க ஐந்தரை மணி என்று ஆக்கி, முள்ளை முன்னால் தள்ளினார்கள். 8 நிமிஷம் 46 நொடி. தள்ளிய காலம் எங்கே போகும்? உறைந்து கீழே விழுந்தது. உன் மாமனாரின் தாத்தா அப்போது ராயபுரம் ஸ்டேஷனில் பாயின்ட்ஸ்மேன். 1856இல் திறந்தது, தென்னிந்தியாவின் முதல் ஸ்டேஷன். கடிகாரத்துக்கு அடியில் நுங்கு மாதிரி கிடந்ததை வழித்து ஜாடியில் போட்டுக்கொண்டார். கொஞ்ச வருஷம் தங்கசாலைத் தெருவில் ஆழாக்குக் கணக்கில் விற்றது. கெட்டிக்காலம் என்று அதற்குப் பெயர். கல்கத்தாக்காரன் 1948 வரையும் பம்பாய்க்காரன் 1955 வரையும் தன் நேரத்தை விடவே இல்லையே, ஏன்? கையில் இருந்ததைக் கொட்ட மனசில்லை. (தொடரும்)

[2.32] குமார் அண்ணன்: சித்தப்பா சுருக்கமா

[2.34] துறைமுகம் சித்தப்பா: சுருக்கம்தான் இது. 1914 செப்டம்பர் 22 ராத்திரி எம்டன் கப்பல் துறைமுகத்து எண்ணெய் டேங்க் மேல் குண்டு போட்டபோது, அவர் ஒரு கரண்டி எடுத்து நடுவீட்டில் கொட்டி, மூன்று பிள்ளைகளையும் வெளியே கொண்டு வந்தார். எம்டன் வீடு என்ற பேர் அதனால்.

[2.34] ரவி மாமா: மாமனார் குணத்தால் வந்த பேர் என்றல்லவா நான் நினைத்தேன்

[2.35] மாலா அண்ணி: 11 வருஷமாக இந்த வீட்டில் இருக்கிறேன். அந்த ஜாடியைத் துடைத்து வைப்பதும் நான்தான். ஒரு வார்த்தை சொல்லவில்லை.

[2.37] குமார் அண்ணன்: அத்தையைக் கேள். அருண் பிளஸ் டூ கணக்குப் பரீட்சை.

[2.37] செல்வி அத்தை: ஒரு டீஸ்பூன்

[2.38] குமார் அண்ணன்: அப்பா ஆஸ்பத்திரியில் கிடந்தபோது கேட்டதற்கு ஜாடி காலி என்றீர்கள்.

[1.09] துபாய் கணேசன்: இப்போ வேண்டாம் குமாரு

[2.40] நான்: காசிமேடு வந்துவிட்டோம். மறுபடி நிற்கிறது.

[2.41] துறைமுகம் சித்தப்பா: தொடர்ச்சி. ஜாடியை நடுவீட்டில்தான் திறக்க வேண்டும். வாசற்படிக்குள் மட்டும்தான் நிற்கும். வெளியே நேரம் அதுபாட்டுக்கு ஓடும்.

[2.44] மாலா அண்ணி: இறக்கிவிட்டேன். வாயில் வேட்டித் துணி, மேலே மெழுகு. ஜாடி சில்லென்று இருக்கிறது.

[2.46] குமார் அண்ணன்: திறக்க வேண்டாம். என் அப்பாவுக்கு இல்லாதது யாருக்கும் வேண்டாம்.

[2.48] செல்வி அத்தை: குமார் கொஞ்சம் உள்ளே வா

[2.51] நான்: கல்மண்டபம் சிக்னல்

[2.53] மாலா அண்ணி: அடியில் நாலைந்து கரண்டிதான். மழை பெய்த தண்டவாளம் மாதிரி வாசனை.

[2.53] செல்வி அத்தை: யார் திறக்கச் சொன்னது?

[2.53] மாலா அண்ணி: நீங்கள்தானே கண்ணைக் காட்டினீர்கள்

[2.53] ரவி மாமா: ஊதுவத்திப் புகை அப்படியே நிற்கிறது. ஐஸ் பெட்டிக்கு மேலே ஒரு ஈ, சிறகு தெரிகிறது.

[2.56] நான்: உங்கள் மெசேஜ் எல்லாம் 2.53 என்றே வருகிறது

[2.57] நான்: ஆட்டோவை விட்டுவிட்டோம். தாத்தாவைத் தூக்கிக்கொண்டு வருகிறேன்.

[2.53] செல்வி அத்தை: மெதுவாக. விழுந்துவைக்கப் போகிறார்.

[1.29] துபாய் கணேசன்: படம் உறைந்து நிற்கிறது. நெட்டைப் பாருங்கள்.

[2.53] குமார் அண்ணன்: அது நெட் இல்லை

[3.01] நான்: தெருமுனை

[2.54] ரவி மாமா: ஈ பறந்துவிட்டது

[2.56] செல்வி அத்தை: மாமா வந்தாச்சு. கோடி போட்டாச்சு.

[2.57] குமார் அண்ணன்: மிச்சம் எவ்வளவு? ஜாடி யார் வீட்டுக்கு?

[2.57] செல்வி அத்தை: காரியம் முடியட்டும், பேசலாம்

[2.57] ரவி மாமா: ஐஸ் பெட்டிக்காரர் வாசலில் நின்று 3 மணி தாண்டிவிட்டது என்கிறார். கூடுதல் வாடகையாம்.

[2.57] மாலா அண்ணி: உள்ளே வந்து கடிகாரத்தைப் பார்க்கச் சொல்லுங்கள்

[3.05] துறைமுகம் சித்தப்பா: மூலகொத்தளத்தில் நடராசன், தாளமுத்து நினைவிடத்துப் பக்கம் நிற்கிறேன். ராகு காலம் பிறந்துவிட்டது. எந்த நேரப்படி எடுக்கிறீர்கள்?

[2.58] செல்வி அத்தை: நம் வீட்டு நேரப்படி

[3.06] துறைமுகம் சித்தப்பா: வாசற்படி தாண்டினால்?

[2.59] குமார் அண்ணன்: தூக்கியாச்சு சித்தப்பா