பொலிஸ் அடித்துவிட்டு வீட்டுக்கு விட்டார்கள், வழக்கும் இல்லை. முதலில் எங்கே போவது?

கரைவாகு எழுதியது:

அம்பாறைக் கரையோரத்தில் ஒரு ஊர். 22 வயதுப் பொடியன். மோட்டார்சைக்கிள் களவு சந்தேகம் என்று வெள்ளி இரவு 8 மணிபோல வீட்டுக்கு வந்து கூட்டிக்கொண்டு போனார்கள். ஞாயிறு பின்னேரம் விட்டார்கள். இடையில் நீதவானிடம் கொண்டுபோகவில்லை, பி அறிக்கையும் (பொலிஸ் நீதவானுக்குக் கொடுக்கும் அறிக்கை) இல்லை. உள்ளங்கால், இரண்டு தொடை, இடது காது எல்லாம் அடி. காதுக்குள் இரைச்சல் நிற்கவில்லை. நேற்றிலிருந்து சிறுநீர் கடும் நிறமாகப் போகிறது. சிங்களத்தில் எழுதிய ஒரு தாளிலும் வெறும் தாள் ஒன்றிலும் கையெழுத்து வாங்கியிருக்கிறார்கள். ஆஸ்பத்திரிக்குப் போனால் திரும்பவும் தூக்குவோம் என்று சொல்லித்தான் அனுப்பினார்கள்.

கேட்க வேண்டியது மூன்று. வைத்தியசாலைக்குப் போகப் பொலிஸ் துண்டு வேண்டுமா? கல்முனை மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு கொடுத்தால் போதுமா? கையெழுத்து வைத்த தாளால் என்ன வரும்? தெரிந்த அண்ணன்மார், அக்காமார் சொல்லுங்கள்.

வெள்ளைத்தாள் எழுதியது:

தம்பி, மற்ற எல்லாம் பிறகு. அந்தச் சிறுநீர் நிறத்தை இன்றைக்கே பார்க்க வேண்டும். தொடை, பிட்டம் போன்ற பெரிய தசைகளில் நிறைய அடி விழுந்தால் தசை உடைந்து அதிலுள்ள புரதம் இரத்தத்தில் கலக்கும். அது சிறுநீரகத்தைப் பழுதாக்கும். வெளியே தெரிகிற அடையாளம், சிறுநீர் சாயம் கூடிய பிளேன்டீ மாதிரிப் போவது, அளவு குறைவது. உடனே சேலைன் ஏற்றினால் பெரும்பாலும் சரியாகும், விட்டால் டயலிசிஸ் வரைக்கும் போகலாம். வலிக்கென்று பார்மசியில் டைக்குளோபினக் வாங்கிக் குடிக்க விடாதீர்கள், சிறுநீரகத்துக்கு இன்னும் கெடுதல். ஆஸ்பத்திரி போகும்வரை பரசிட்டமோல் போதும். வைத்தியரிடம் சிபிகே (தசைச் சேதம் காட்டுவது), கிரியேட்டினின் (சிறுநீரக நிலை காட்டுவது) இரண்டு இரத்தப் பரிசோதனையும் கேளுங்கள். சிபிகே ஆயிரக்கணக்கில் ஏறியிருந்தால் "படியில் தடக்கி விழுந்தான்" என்ற கதையைப் பிறகு நிறுத்துவது கடினம். அந்த அறிக்கை உயிருக்கும் உதவும், வழக்குக்கும் உதவும்.

பொலிஸ் துண்டு வேண்டாம். அரச வைத்தியசாலைக்கு நேரே போகலாம். தனியார் டிஸ்பென்சரியில் மருந்து எடுத்துவிட்டு இருந்துவிடாதீர்கள், சட்ட வைத்திய அறிக்கை அங்கே கிடைக்காது. கிட்டவுள்ள ஆஸ்பத்திரியில் அனுமதித்தால், தேவையென்றால் அவர்களே மட்டக்களப்பு போதனா வைத்தியசாலைக்கு மாற்றுவார்கள்.

பலர் தவறுகிற இடம் ஒன்று இருக்கிறது. ஓபிடியில் (வெளிநோயாளர் பிரிவில்) வைத்தியர் "என்ன நடந்தது?" என்று கேட்பார். பயத்தில் "விழுந்துட்டன்" என்று சொன்னால் டிக்கட்டில் (ஆஸ்பத்திரி நோயாளர் பதிவுத்தாளில்) அதுதான் ஏறும். பிறகு எத்தனை சத்தியக்கடதாசி முடித்தாலும் எதிர்த்தரப்புச் சட்டத்தரணி முதலில் தூக்கிக் காட்டுவது அந்த ஒற்றை வரியைத்தான். "பொலிஸார் அடித்தார்கள், இன்ன நாள், இன்ன இடம், இன்னதால்" என்று பொடியன் தன் வாயால் சொல்ல வேண்டும். அதிகாரியின் பெயர் தெரிந்தால் அதையும்.

அதன்பிறகு "சட்ட வைத்திய அதிகாரியிடம் காட்ட வேண்டும்" என்று வார்ட் வைத்தியரிடம் கேளுங்கள். ஆஸ்பத்திரிக்குள் இருக்கும் பொலிஸ் போஸ்டில் பதிந்து அதற்கான படிவம் தருவார்கள். படிவம் தர இழுத்தடித்தால் நீதவான் கட்டளை எடுக்கலாம், ஆணைக்குழு மூலமும் கேட்கலாம். பரிசோதனை நடக்கும்போது பொலிஸ் உத்தியோகத்தர் அறைக்குள் நிற்கக் கூடாது, மொழிபெயர்ப்பும் அவர் செய்யக் கூடாது. நின்றால் வெளியே போகச் சொல்லும்படி வைத்தியரிடமே கேட்கலாம்.

உடம்பிலுள்ள சான்று நாளுக்கு நாள் அழியும். உள்ளங்கால் தோல் தடிப்பு, கண்டல் நிறம் அங்கே சரியாகத் தெரியாது, தெரிந்தாலும் சில நாளில் போய்விடும். குதிக்கால் ஊன்றும்போது வரும் நோவு மட்டும் நிற்கும், ஆகவே நடக்கும் விதத்தையும் எழுதச் சொல்லுங்கள். கன்னத்தோடு காதைப் பொத்தி அறைந்தால் செவிப்பறை கிழியும். சிறு கிழிசல் சில வாரத்தில் தானாக மூடிவிடும், மூடியபின் போனால் காட்ட ஒன்றும் இருக்காது. காது, மூக்கு, தொண்டை வைத்தியர் இந்த அனுமதியிலேயே பார்க்க வேண்டும்.

படம் எடுப்பது: பகல் வெளிச்சத்தில், முகமும் காயமும் சேர்ந்து ஒன்று, கிட்டவாக ஒன்று. பக்கத்தில் அடிமட்டம் வையுங்கள். இரண்டாம், மூன்றாம் நாளும் எடுங்கள், சில கண்டல் பிந்தித்தான் மேலே வரும். வட்ஸ்அப்பில் படமாக அனுப்பினால் திகதி விபரம் கழன்றுவிடும், எடுத்த போனிலேயே மூலப்படம் இருக்கட்டும். போட்டிருந்த உடுப்பைத் துவைக்காமல் கடதாசிப் பைக்குள் வையுங்கள். பொலித்தீன் பைக்குள் ஈரம் பிடித்துப் பூஞ்சணம் கட்டிவிடும். சொல்லாமல் வார்டை விட்டு வரவும் வேண்டாம், துண்டு வெட்டி வீட்டுக்கு அனுப்பும்போது தரும் டயக்னோசிஸ் கார்டின் பிரதி வழக்குக்கு வேண்டும்.

புளியந்தீவு எழுதியது:

வைத்தியப் பக்கம் மேலே சரியாக வந்துவிட்டது. சட்டப் பக்கம் ஒரு திகதியைச் சுற்றித்தான் நிற்கிறது.

அரசியலமைப்பின் உறுப்புரை 11 சித்திரவதையை முழுதாகத் தடுக்கிறது, அதற்கு விதிவிலக்கே இல்லை. கைதுக்குக் காரணம் சொல்ல வேண்டும் என்பது 13(1), நீதவான் முன் கொண்டுபோக வேண்டும் என்பது 13(2). 1979ஆம் ஆண்டு 15ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 37ஆம் பிரிவின்படி பயண நேரம் நீங்கலாக 24 மணித்தியாலம்தான். வெள்ளி இரவு 8 மணிக்கு எடுத்தால் சனி இரவு 8 மணி. ஞாயிறு பின்னேரம் வரை வைத்தது அடியை விட்டாலும் தனியான மீறல்.

இவற்றுக்கு உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனு போடலாம். உறுப்புரை 126(2) ஒரு மாதம்தான் தருகிறது. இந்த ஒரு மாதத்தில்தான் எங்கள் பக்கத்து மனுக்கள் செத்துப்போகின்றன, வேறெதிலும் இவ்வளவு இல்லை. கொழும்புக்குப் போக வேண்டும், சட்டத்தரணி தேட வேண்டும், பொடியன் சுகமாகட்டும் என்று நாள் ஓடிவிடும்.

ஆணைக்குழுவில் கொடுத்தால் போதுமா என்று கேட்டீர்கள். 1996ஆம் ஆண்டு 21ஆம் இலக்கச் சட்டத்தின் 13(1) பிரிவு, ஒரு மாதத்துக்குள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்தால் விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் அந்த ஒரு மாதத்தில் சேராது என்கிறது. ஊரில் எல்லோரும் இதை நம்பி இருந்துவிடுகிறார்கள். முறைப்பாட்டுத் துண்டை மட்டும் காட்டினால் போதாது, விசாரணை உண்மையில் நடந்துகொண்டிருந்தது என்பதற்குச் சான்று வேண்டும் என்று உயர் நீதிமன்றம் பல தீர்ப்புகளில் சொல்லியிருக்கிறது. ஆகவே முறைப்பாட்டை இந்த வாரமே கொடுங்கள், முறைப்பாட்டு இலக்கமும் விசாரணை நிலுவையில் உள்ளது என்று எழுத்தில் ஒரு கடிதமும் கேட்டு வாங்குங்கள், மனுவையும் அந்த மாதத்துக்குள்ளேயே போடுங்கள். கட்டணம் இல்லை, தமிழில் எழுதலாம், தாய் தகப்பனும் கொடுக்கலாம். அவசரத்துக்கு ஆணைக்குழுவின் 1996 என்ற தொலைபேசி இலக்கம். ஆனால் ஆணைக்குழு கடைசியில் தருவது பரிந்துரைதான், அது கட்டாயப்படுத்தாது. மனுவில் வரும் தீர்ப்பு கட்டாயப்படுத்தும், அதிகாரி தன் சொந்தப் பணத்தில் நட்டஈடு கட்டவும் நீதிமன்றம் கட்டளை இடலாம்.

மனுவைப் பாதிக்கப்பட்டவரே போடலாம், அவர் சார்பில் சட்டத்தரணி போடலாம். பிரதிவாதிகளாக அடித்தவர்கள், பொறுப்பதிகாரி, பொலிஸ் மா அதிபர், சட்டமா அதிபர் வருவார்கள். பெயர் தெரியாவிட்டால் சட்டையில் இருந்த இலக்கம், மற்றவர்கள் கூப்பிட்ட பெயர், தோற்றம், ஜீப் இலக்கம் எல்லாம் இன்றைக்கே எழுதிவையுங்கள். மாதம் முடிந்தபிறகு புதுப் பெயர் சேர்ப்பது பெரும்பாடு. சத்தியக்கடதாசியில், தமிழில் வாசித்து விளங்கப்படுத்திய பிறகே கையெழுத்திட்டார் என்ற குறிப்பு கட்டாயம் இருக்க வேண்டும், ஏனென்றால் மனு பெரும்பாலும் ஆங்கிலத்தில் போகும். காசு இல்லையென்றால் சட்ட உதவி ஆணைக்குழுவிடம் போங்கள். முதல் நாளிலேயே கடைசித் திகதியைச் சொல்லிவிடுங்கள். வழக்கு முடிய வருடக்கணக்காகும், அதையும் குடும்பத்துக்கு இப்போதே சொல்லிவைப்பது நியாயம்.

1994ஆம் ஆண்டு 22ஆம் இலக்கச் சித்திரவதைத் தடைச் சட்டத்தில் 7 முதல் 10 வருடம் வரை சிறை. மேலதிகாரி சொன்னார் என்பது அதில் எதிர்வாதமே இல்லை. ஆனால் அந்த வழக்கை மேல் நீதிமன்றத்தில் தாக்கல் செய்வது சட்டமா அதிபர், நீங்கள் அல்ல. அது வரும் என்று காத்திருந்து மாதத்தைத் தவறவிட வேண்டாம்.

தோணாமுகம் எழுதியது:

கையெழுத்துத் தாள் பற்றி. பொலிஸ் உத்தியோகத்தரிடம் கொடுத்த குற்ற ஒப்புதலைச் சான்றுக் கட்டளைச் சட்டத்தின் 25ஆம் பிரிவின்படி கொடுத்தவருக்கு எதிராக நிரூபிக்க முடியாது. எனவே "ஒத்துக்கொண்டு கையெழுத்து வைச்சிட்டான், இனி ஒன்றும் செய்யேலாது" என்று யாரும் பயப்படுத்தினால் நம்ப வேண்டாம். பயங்கரவாதத் தடைச் சட்டத்தில்தான் கதை வேறு. 1979இன் 48ஆம் இலக்கச் சட்டம், 16ஆம் பிரிவு, உதவிப் பொலிஸ் அத்தியட்சகரோ அதற்கு மேலோ உள்ளவரிடம் கொடுத்த ஒப்புதலைச் சான்றாக எடுக்க விடுகிறது. இந்த ஒரு பிரிவு எத்தனை தமிழ், முஸ்லிம் பிள்ளைகளின் இளமையைத் தின்றது என்று கிழக்கில் யாருக்கும் சொல்லித்தர வேண்டியதில்லை. அந்தச் சட்டத்தில் கைது நடந்தால் 48 மணித்தியாலத்துக்குள் ஆணைக்குழுவுக்கு அறிவிக்க வேண்டும், குடும்பம் தானாகவும் அழைத்துக் கேட்க வேண்டும்.

வெறும் தாள்தான் எனக்குக் கவலை. "என்னைச் சட்டப்படி விடுவித்தார்கள், காயம் இல்லை, முறைப்பாடு இல்லை" என்று அதில் பிறகு நிரப்பப்படலாம். ஆகவே ஆணைக்குழு முறைப்பாட்டிலும் சத்தியக்கடதாசியிலும் மூன்று விடயம் தெளிவாக வரட்டும்: எத்தனை தாள், எந்த மொழி, வாசித்துக் காட்டினார்களா இல்லையா. அவருக்குச் சிங்களம் வாசிக்கத் தெரியாது என்பதையும் எழுதுங்கள்.

இன்னொன்று சிசிரிவி. நிலையத்திலோ எதிரே உள்ள கடையிலோ கமெரா இருந்தால் பதிவு சில நாளிலோ வாரத்திலோ மேலெழுதப்பட்டுப் போகும். பதிவைப் பாதுகாக்கும்படி திகதி, நேரம் குறித்து மாவட்டப் பொறுப்பான சிரேஷ்ட பொலிஸ் அத்தியட்சகருக்குப் பதிவுத் தபாலில் கடிதம் போடுங்கள், பிரதி தேசிய பொலிஸ் ஆணைக்குழுவுக்கு. தபால் துண்டு பத்திரம். கடைக்காரரிடம் நல்ல மாதிரிக் கேட்டால் பென் டிரைவில் தருவார். 2016இன் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் சட்டத்திலும் கேட்கலாம், சாதாரணமாக 14 வேலை நாள், உயிர் அல்லது தனிமனித சுதந்திரம் சம்பந்தப்பட்டால் 48 மணித்தியாலம்.

கரைவாகு எழுதியது:

வார்டில் அனுமதித்தாயிற்று, சேலைன் ஏறுகிறது. வாயால் சொன்னது டிக்கட்டில் எழுதப்பட்டிருக்கிறது. இதற்கிடையில் ஊரில் ஒருவர் வந்து, பொறுப்பதிகாரி சமாதானமாகப் பேசி முடிப்போம் என்கிறார், நிலையத்துக்கு வரச் சொன்னார் என்று தகப்பனாரிடம் சொல்லிவிட்டுப் போயிருக்கிறார். தகப்பனார் போகலாமா என்று யோசிக்கிறார்.

புளியந்தீவு எழுதியது:

தகப்பனாரின் பயம் நியாயமானது. அவரைக் குறை சொல்லாமல் பேசுங்கள். ஆனால் நிலையத்துக்குப் போக வேண்டாம். சித்திரவதை என்பது வேலிச் சண்டை மாதிரி இணங்கித் தீர்க்கிற விடயம் அல்ல. அங்கே போனால் அவர் கையெழுத்திலும் ஒரு தாள் பிறக்கும். பேச வேண்டுமென்றால் எழுத்தில் அழைப்பாணை அனுப்பச் சொல்லுங்கள். உண்மையில் அழைப்பாணை வந்தால் சட்டத்தரணியோடு போங்கள். பொலிஸ் நிலையத்தில் கட்சிக்காரர் சார்பில் சட்டத்தரணி தோன்றுவதற்கு 2012ஆம் ஆண்டு விதிகளே இருக்கின்றன.

வந்த ஆளின் பெயர், வந்த நேரம், சொன்ன சொல், பக்கத்தில் நின்றவர் யார் என்பதை இன்றே எழுதுங்கள். "ஆஸ்பத்திரிக்குப் போனால் தூக்குவோம்" என்றதையும் அதோடு சேருங்கள். பாதிக்கப்பட்டவரையும் சாட்சியையும் மிரட்டுவது 2023இன் 10ஆம் இலக்கச் சட்டத்தில் தனிக் குற்றம், பாதுகாப்பும் கேட்கலாம். கல்முனை அலுவலகத்தில் கொடுக்கும் முறைப்பாட்டில் இதை இரண்டாவது சம்பவமாக எழுதுங்கள்.

வெள்ளைத்தாள் எழுதியது:

வார்டில் ஒருவர் எப்போதும் கூட இருங்கள். யாராவது வாக்குமூலம் எடுக்க வந்தால், சேலைன் ஏறும் நேரத்தில் முடியாது, தமிழில் எழுதினால்தான் தருவேன் என்று பொடியன் சொல்லலாம், அதைத் தாதியிடமும் சொல்லிவையுங்கள். காது வைத்தியர் பார்த்தாரா? பார்க்கவில்லையென்றால் நாளைக் காலை ரவுண்ட்ஸில் கேளுங்கள்.