நான்பைனரி: தமிழில் எப்படி எழுதுவது, எப்படிக் குறிப்பிடுவது?

பிழைதிருத்தி கேட்டது:

ஒரு தொண்டு நிறுவனத்தின் ஆண்டறிக்கை தமிழாக்கத்தைச் சரிபார்க்கும் வேலை. அதில் ஓவியம் வரைந்து கொடுத்த ஒருவரின் அறிமுகக் குறிப்பில் அவர் நான்பைனரி என்றும், ஆங்கிலத்தில் அவரை 'தே' (they, வழக்கமாக 'அவர்கள்' என்று பொருள்படும் சொல்) என்று குறிப்பிட வேண்டும் என்றும் இருக்கிறது. மொழிபெயர்ப்பில் வந்திருப்பது இது:

"நான் பைனரியான இவர்கள் சென்னையில் வசிக்கும் ஒரு ஓவியர். இவர்கள் தங்கள் துணைவருடன் சேர்ந்து சிறுவர் நூல்களுக்குப் படம் வரைகிறார்கள்."

படித்தால் ஒரு குடும்பமே உட்கார்ந்து படம் வரைவதுபோல இருக்கிறது. இந்தச் சொல்லுக்குச் சரியான பொருள் என்ன? திருநங்கை, திருநம்பி என்பதோடு இதைச் சேர்க்கலாமா? தமிழில் 'அவர்' போதுமா, 'அவர்கள்' வேண்டுமா? விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

---

சொல்லேர்:

முதல் வேலையாக அந்த இடைவெளியை மூடுங்கள். 'நான் பைனரி' என்று பிரித்து எழுதினால் தமிழ் வாசகர் "நான் ஒரு பைனரி" என்றுதான் படிப்பார். சொல்ல வந்ததற்கு நேர் எதிர்ப்பொருள். நடுவில் சிறுகோடு போட்டாலும் ஆபத்து உண்டு. பக்க வடிவமைப்பில் வரி அந்தக் கோட்டிலேயே உடைந்து, 'நான்' ஒரு வரியிலும் 'பைனரி' அடுத்த வரியிலும் போய் நிற்கும். 'நான்பைனரி' என்று ஒரே சொல்லாக எழுதுவதே பாதுகாப்பு.

பொருள்: ஆண், பெண் என்ற இரண்டில் ஏதோ ஒன்றாக மட்டும் தன்னை உணராதவர். இதற்குள்ளேயே பல வகை. இரண்டும் கலந்ததாக உணர்பவர், இரண்டுக்கும் நடுவே எங்கோ இருப்பதாக உணர்பவர், காலத்துக்கு ஏற்ப மாறுவதாக உணர்பவர் (இவர்களை ஜெண்டர்ஃப்ளூயிட் என்பார்கள்), பாலினம் என்ற உணர்வே இல்லாதவர் (ஏஜெண்டர்). உடை, முடி, குரல் ஆகியவற்றை வைத்து இதைக் கண்டுபிடிக்க முடியாது. யார்மேல் ஈர்ப்பு வருகிறது என்பதும் இதில் அடங்காது. அது பாலீர்ப்பு, தனிக் கணக்கு.

திருநங்கை என்பவர் பிறப்பில் ஆண் எனப் பதிவாகி, தன்னைப் பெண்ணாக உணர்பவர். திருநம்பி அதற்கு மறுதலை. பெரும்பாலான திருநங்கையர் தங்களைப் பெண் என்றே சொல்கிறார்கள். இருமைக்கு வெளியே நிற்பதாக அல்ல. ஆகவே 'திருநங்கை' என்று எழுதி நான்பைனரியைக் குறிக்க முடியாது. 'திருநர்' என்ற பொதுச்சொல்லுக்குள் சில நான்பைனரி நபர்கள் தங்களைச் சேர்த்துக்கொள்கிறார்கள், சிலர் சேர்ப்பதில்லை. அந்த முடிவை மொழிபெயர்ப்பாளர் எடுக்கக்கூடாது.

ஊடுபால் (இடைப்பால் என்றும் எழுதுகிறார்கள்) இன்னொரு தளம். அது குரோமோசோம், ஹார்மோன், உறுப்பமைப்பு சார்ந்த உடற்கூறு. ஊடுபால் உடலோடு பிறந்தவர் ஆணாகவோ பெண்ணாகவோ நான்பைனரியாகவோ இருக்கலாம். 'மூன்றாம் பாலினம்' என்பது 2014 ஏப்ரல் 15-இல் உச்ச நீதிமன்றம் நால்சா (தேசிய சட்டப் பணிகள் ஆணையம்) வழக்கில் தந்த தீர்ப்பால் சட்ட அங்கீகாரம் பெற்ற தொடர். அதை நான்பைனரிக்கு மொழிபெயர்ப்பாக வைக்காதீர்கள். இரண்டு பெட்டி போதாது என்பவரிடம் மூன்றாவது பெட்டியை நீட்டுவதில் பயன் இல்லை.

தமிழ்ச்சொல்தான் வேண்டுமென்றால் 'பாலின இருமை சாராதவர்' பரவாயில்லை. 'இருமை கடந்தவர்' என்று சிலர் எழுதுகிறார்கள். அது சித்தர் பாடலுக்குப் பொழிப்புரை எழுதியதுபோல ஒலிக்கிறது, நான் தவிர்ப்பேன். முதல் இடத்தில் 'நான்பைனரி' என்று எழுதி, அதே வாக்கியத்தில் விளக்கத்தைக் கொடுத்துவிட்டால், அடுத்தடுத்த இடங்களில் அந்த ஒரு சொல்லே போதும்.

இனி 'அவர்கள்'. பழைய இலக்கணத்தில் 'அவர்' பலர்பால். பிறகு அது மரியாதை ஒருமையாகி, பன்மைக்கு 'அவர்கள்' வந்தது. ஆங்கிலத்தில் ஒருவரை 'தே' என்று சொல்வதற்கு இணையாகத் தமிழில் 'அவர்' ஏற்கெனவே இருக்கிறது. 'அவர்கள்' என்று எழுதினால் எண்ணிக்கைதான் தவறாகும். பாலினம் குறித்து கூடுதலாக எதுவும் கிடைக்காது. தன்மையிலும் முன்னிலையிலும் தமிழில் பால் காட்டும் விகுதியே இல்லை; சிக்கல் படர்க்கை ஒருமையில் மட்டும்தான். உங்கள் வரியை இப்படி மாற்றலாம்:

"ஆண், பெண் என்ற இருமைக்குள் தம்மை அடக்காத நான்பைனரி ஓவியர் இவர். சென்னையில் வசிக்கிறார். தம் இணையருடன் சேர்ந்து சிறுவர் நூல்களுக்குப் படம் வரைகிறார்."

'துணைவர்' என்றால் பலர் காதில் கணவராகவே விழுகிறது. 'இணையர்' யாருக்கும் பொருந்தும். அதேபோல ஒருவன், ஒருத்திக்கு 'ஒருவர்'. மாணவன், மாணவிக்கு 'மாணவர்'. காதலன், காதலிக்கு 'காதலர்'. பெயருக்கு முன்னால் திரு, திருமதி, செல்வி எதுவும் ஒத்துவராவிட்டால் 'திருமிகு' போடுங்கள். அழைப்பிதழ்களில் புழங்கும் சொல்தான்.

கை விரிக்க வேண்டிய இடம் உறவுமுறை. அண்ணன், அக்கா, தம்பி, தங்கை நான்கிலும் வயதும் பாலும் ஒன்றாகக் கட்டப்பட்டிருக்கின்றன. வயதை வைத்துக்கொண்டு பாலை மட்டும் கழற்ற வழியில்லை. 'உடன்பிறந்தவர்', 'பிள்ளை', 'பேரப்பிள்ளை' என்று எழுத்தில் சமாளிக்கலாம். நேரில் கூப்பிடப் பெயர்தான், அல்லது 'தோழர்'.

---

வைகைக்கரை:

சொல்லேர் எழுதியது அச்சுக்குச் சரி. பேச்சுக்கு அப்படியே எடுத்துக்கொள்ள முடியாது. தமிழ்நாட்டில் பேசும்போது 'அவரு வந்தாரு' என்றால் கேட்பவர் மனதில் ஆண்தான் வருவார். பெண்ணை மரியாதையாகச் சொல்லும்போது 'அவங்க வந்தாங்க' என்கிறோம். அந்த 'அவங்க' ஆணுக்கும் பெண்ணுக்கும் கூட்டத்துக்கும் பொதுவாக ஓடுகிறது. ஆகவே இதே குறிப்பைக் காணொளியில் வாசிக்கப் போகிறீர்கள் என்றால் 'அவர்', 'வரைகிறார்' எல்லாவற்றையும் 'அவங்க', 'வரையுறாங்க' என்று மாற்றி எழுதிக் கொடுங்கள். அச்சுப் பிரதியையே வாசிக்கக் கொடுத்தால் அதைப் படிப்பவர் பாதி இடத்தில் 'வரையுறாரு' என்று தானாக இறங்கிவிடுவார்.

'அது', 'இது' எக்காரணம் கொண்டும் வேண்டாம். ஆங்கிலத்தில் பால் காட்டாத சொல் தேடிப் போனவர்கள் அஃறிணையில் வந்து விழுந்திருப்பதைச் சில மொழிபெயர்ப்புகளில் பார்க்கலாம். குழந்தையைச் செல்லமாக 'அது தூங்குது' என்போம். வளர்ந்தவரைச் சொன்னால் அவமதிப்பு. திருநர் சமூகத்தின்மேல் காலங்காலமாக வீசப்பட்ட வசையும் அதுதான்.

இன்னொன்று. கோப்பில் 'அவர்கள்' என்பதைத் தேடி ஒரேயடியாக 'அவர்' என்று மாற்றிவிடாதீர்கள். 'அமைச்சர் அவர்கள்' என்ற இடமும் உண்மையான பன்மையும் சேர்ந்து மாறும். 'வரைகிறார்கள்' போன்ற வினைமுற்றுகள் மாறாமல் நிற்கும். ஒவ்வொரு இடமாகப் பார்த்துத்தான் மாற்ற வேண்டும். 'தங்கள்', 'தங்களுடைய' என்பவற்றைத் தனியாக ஒரு சுற்று தேடுங்கள், அவைதான் கண்ணுக்குத் தப்பும்.

---

வடலி:

இலங்கை, புலம்பெயர் வாசகர்களும் இருந்தால் ஒரு விசயம். யாழ்ப்பாணப் பேச்சில் மரியாதையிலேயே பால் பிரிந்துவிடும்: ஆணுக்கு 'அவர் வந்தவர்', பெண்ணுக்கு 'அவா வந்தவா', பலருக்கு 'அவை வந்தவை'. தமிழ்நாட்டு 'அவங்க' செய்யிற வேலையைச் செய்ய எங்களிட்ட ஒருமைச் சொல் இல்லை. 'அவை' என்று எழுதினால் தமிழ்நாட்டு வாசகர் அஃறிணை எண்டு நினைப்பார். பேச்சில் பெயரைத் திரும்பச் சொல்லுறது, இல்லாவிட்டால் 'ஆள்' என்கிறது நடைமுறைக்கு ஒத்துவரும். 'ஆள் இப்ப வருவார்' என்று முடிக்காமல் 'ஆள் வாற நேரம்தான்' என்று முடித்தால் வினைமுற்றில் பால் வராது. ஆனால் 'அந்த ஆள்' என்பது தமிழ்நாட்டில் மரியாதைக் குறைவு, அங்கே பாவிக்க வேண்டாம்.

கனடாப் படிவங்களைத் தமிழாக்குகிறவர்கள் அடிக்கடி விடும் பிழை: கடவுச்சீட்டில் வரும் 'எக்ஸ்' குறியை 'மூன்றாம் பாலினம்' என்று மாற்றுவது. அது ஆண், பெண் இரண்டையும் குறிப்பிடாத ஒரு குறி மட்டுமே. 2019-இலிருந்து யாரும் கேட்டுப் பெறலாம். அதை 'எக்ஸ்' என்றே விடுங்கள். 2021 குடிசன மதிப்பீட்டில் கனடா பிறப்பில் பதிந்த பாலையும் இப்போதைய பாலினத்தையும் இரண்டு கேள்வியாகப் பிரித்துக் கேட்டது. 15 வயதும் அதற்கு மேலும் ஆனவர்களில் 59,460 பேர் டிரான்ஸ்ஜெண்டர் (திருநர்), 41,355 பேர் நான்பைனரி என்று தனித்தனிக் கணக்கு வந்தது. ஒரே கேள்வியில் மூன்று பெட்டி வைத்திருந்தால் இந்தப் பிரிவு கிடைத்திருக்காது.

---

பிழைதிருத்தி:

வரியைத் திருத்திவிட்டேன், நன்றி. இதே நிறுவனத்தின் பயிற்சிப் பதிவுப் படிவத்தில் 'பாலினம்: ஆண் / பெண் / மற்றவை' என்று இருக்கிறது. அதையும் மாற்றச் சொல்லியிருக்கிறார்கள். எப்படி வைப்பது?

---

படிவக்காரர்:

'மற்றவை' என்பது பலவின்பால். மனிதரைக் கேட்கும் கேள்வியில் நாற்காலி மேசைக்கான விகுதி! பல படிவங்களில் யாரும் கவனிக்காமல் ஓடிக்கொண்டிருக்கிறது.

முதலில் பாலினம் எதற்குத் தேவை என்று கேளுங்கள். தங்கும் அறை ஒதுக்கவா, நிதி கொடுப்பவருக்குக் கணக்குக் காட்டவா? இரண்டும் இல்லையென்றால் கேள்வியையே எடுத்துவிடலாம். தேவையென்றால் இந்த வரிசை: பெண், ஆண், திருநங்கை, திருநம்பி, நான்பைனரி, வேறு (எழுதுக), சொல்ல விரும்பவில்லை. ஒன்றுக்கு மேல் தேர்ந்தெடுக்க அனுமதியுங்கள்; இல்லாவிட்டால் ஒரு திருநங்கை 'பெண்', 'திருநங்கை' இரண்டில் ஒன்றை விட்டுக்கொடுக்க வேண்டிவரும். 'வேறு' என்பதற்கு எதிரே எழுத இடம் விடுங்கள். இணையப் படிவமென்றால் அந்தக் கட்டம் தமிழ் எழுத்தை ஏற்கிறதா என்று ஒருமுறை தட்டிப் பாருங்கள்.

உதவித்தொகை, சம்பளம் கொடுக்கும் வேலை இருந்தால் இன்னொரு பத்தி (விவரம் நிரப்பும் தனி இடம்) வேண்டும்: 'அரசு ஆவணத்தில் உள்ளபடி'. ஆதாரில் ஆண், பெண், டிரான்ஸ்ஜெண்டர் என்ற மூன்றுதான். பான் விண்ணப்பத்திலும் 2018 ஏப்ரலில் இந்த மூன்றாவது தேர்வு சேர்ந்தது. ஆதாரும் பானும் பெயர், பிறந்த தேதி, பாலினம் மூன்றிலும் ஒத்திருக்க வேண்டும். ஒன்று பிசகினாலும் இணைப்பு நிராகரிக்கப்படலாம். ஆகவே ஒருவர் தன்னை நான்பைனரி என்று எழுதியதை எடுத்து ஆவணப் பத்தியில் போடாதீர்கள். இரண்டும் இரண்டு தகவல்.

ஆவணத்தை மாற்ற நினைப்பவர்களுக்கு: 2019-இல் நிறைவேறிய திருநர் உரிமைப் பாதுகாப்புச் சட்டத்தின் 2-ஆம் பிரிவு வரையறையில் திருநங்கை, திருநம்பி, ஊடுபால் நபர்களோடு 'ஜெண்டர்குயர்' (ஆண், பெண் என்ற வரையறைக்குள் அடங்காதவர்) என்ற சொல்லும் இருந்தது, திருநங்கையரைக் குறிக்கும் பழைய சொல்லான 'அரவானி' கூட இருந்தது. 2020 விதிகளில் விண்ணப்பமும் உறுதிமொழிப் பத்திரமும் மாவட்ட ஆட்சியருக்குப் போகும் என்று இருந்தது. சான்றிதழில் டிரான்ஸ்ஜெண்டர் என்றுதான் வரும், நான்பைனரி என்று வராது. விண்ணப்பிக்கும் முன் சட்டத்தின் அன்றைய வாசகத்தைப் பார்த்துக்கொள்ளச் சொல்லுங்கள்.

படிவத்தில் எழுதியது எங்கெல்லாம் போகும் என்பதையும் அங்கேயே சொல்லிவிடுங்கள். அலுவலகத்தில் சொல்லிக்கொள்பவர் வீட்டில் சொல்லாமல் இருக்கலாம். "பெயர்ப்பட்டியலில் அச்சிடலாமா? வீட்டு முகவரிக்கு வரும் கடிதத்தில் எப்படிக் குறிப்பிட வேண்டும்?" என்று இரண்டு துணைக்கேள்வி வைத்தால் பிறகு வம்பில்லை. உங்கள் ஓவியரிடமும், ஆங்கில அறிக்கைக்குத் தந்த ஒப்புதல் தமிழுக்கும் செல்லுமா என்று கேட்டுவிடுங்கள். ஆங்கிலத்தைப் படிக்காத உறவினர் தமிழைப் படிப்பார்கள்.

கடிதத்தில் 'அன்புள்ள ஐயா / அம்மா' இருந்தால் 'அன்புடையீர்' என்று மாற்றுங்கள். 'பெறுநர்' ஏற்கெனவே பொதுச்சொல், தொட வேண்டாம். பெயர்ப்பட்டியலிலிருந்து கடிதம் தானாக உருவாகும் ஏற்பாடு என்றால், 'திரு', 'திருமதி'க்குப் பின் வரும் புள்ளியை வார்ப்புருவில் வைக்காமல் பட்டியலில் அந்த அடைமொழி இருக்கும் நெடுவரிசைக்குள்ளேயே வையுங்கள். இல்லாவிட்டால் அந்த நெடுவரிசை காலியாக உள்ளவர்களுக்குப் பெயருக்கு முன்னால் வெறும் புள்ளி ஒன்று அச்சாகி வரும்.