தேய்மானக் கணக்கும் மல்லாட்டையும்

காட்பாடியிலிருந்து:

நான் சில ஆண்டுகளாக எழுதிவரும் கற்பனை நாவலில் தூர்ந்தை என்றொரு நாடு வருகிறது. நீர் வற்றிய ஆற்றின் மணலிலேயே அதன் தலைநகர் எழுந்திருக்கிறது. பாலாற்றுப் பாலத்தை நாள்தோறும் கடப்பவனுக்கு அப்படியொரு நகரைக் கற்பனை செய்வதில் பெரிய சிரமம் இருக்கவில்லை. அந்நாட்டில் ஓசைக் கணக்கர் என்றொரு கூட்டம் உண்டு. ஒரு சொல்லைச் சொல்லும்போதெல்லாம் அதன் கடைசியில் ஒரு மணலளவு தேய்கிறது என்பதும், அப்படித் தேய்ந்து இரண்டு சொற்கள் ஒரே வடிவத்துக்கு வந்துவிட்டால் அவை குறித்த இரண்டு பொருள்களில் ஒன்று உலகத்தைவிட்டே போய்விடும் என்பதும் அவர்களுடைய கோட்பாடு. ஆகவே பேச்சுக்கு வரி உண்டு. அரசனின் பெயரை ஆண்டுக்கு ஒருமுறைதான் உச்சரிக்கலாம்.

போன தை மாதம் இந்தப் பகுதியை ஆயாவுக்குப் படித்துக் காட்டினேன். அவர் முறத்தை மடியில் வைத்துக்கொண்டு விதைக்காக மல்லாட்டை, அதாவது நிலக்கடலை, உரித்துக்கொண்டிருந்தார். தூங்கிவிட்டாரோ என்று நான் நிறுத்தியபோது, தலையைத் தூக்காமலே, "கேட்டுகினுதான் கீறேன், நீ படி" என்றார்.

என் கோட்பாடு அந்த ஒரு வாக்கியத்திலேயே ஆட்டம் கண்டது. 'இருக்கிறேன்' என்பது அவர் வாயில் 'கீறேன்' ஆகியிருந்தது. தேய்ந்தது சொல்லின் தலை, கணக்கர்கள் சொல்லும் வால் அன்று. மேலும், 'கீறு' என்றொரு வினை ஏற்கெனவே நம்மிடம் இருக்கிறது. கணக்கர்களின் விதிப்படி இருப்பது, கீறுவது ஆகிய இரண்டில் ஒன்று வேலூர் வட்டாரத்தில் எப்போதோ நின்றுபோயிருக்க வேண்டும். ஆயாவும் இருக்கிறார், அவர் வளர்க்கும் பூனையும் கீறிக்கொண்டுதான் இருக்கிறது.

'கொண்டு' இன்னும் விசித்திரமானது. 'கேட்டுக்கொண்டு' என்னும்போது அதில் எதையும் கையில் வாங்கும் பொருள் இல்லை. செயல் தொடர்கிறது என்று காட்டும் துணைவினையாக மட்டும் அது நிற்கிறது. அந்த வேலைக்கு வந்த 'கொண்டு'தான் நம் பக்கத்தில் 'கினு' ஆனது. "இந்தக் குடம் அவ்வளவு கொள்ளாது" என்னும்போது வரும் 'கொள்' ஒரு மணலளவும் குறையாமல் இருக்கிறது. ஒரே சொல் ஓரிடத்தில் தேய்ந்தும் இன்னோரிடத்தில் முழுதாகவும் வாழ்வதற்குக் கணக்கர்களின் ஏட்டில் பத்தியே கிடையாது.

அவர் முறத்தில் இருந்ததன் பெயரும் அப்படித்தான். மணிலாக்கொட்டை என்று ஐந்து தடவை வாயசைக்க வேண்டிய பெயர், மல்லாக்கொட்டையாகி, மல்லாட்டை என்று மூன்றே அசைவில் முடிந்துவிட்டது. மணிலா நகரம் அதிலிருந்து முற்றிலும் உதிர்ந்துபோனது. கொட்டைக்கு ஒன்றும் ஆகவில்லை.

உங்களில் யாராவது, உங்கள் ஊரில், இரண்டு சொற்கள் ஒன்றாகி அதனால் உண்மையிலேயே ஏதாவது ஒன்று தொலைந்ததைப் பார்த்திருந்தால் எழுதுங்கள். நாவலுக்குத் தேவைப்படுகிறது.

செங்கத்திலிருந்து:

தம்பி, நான் ஓய்வுபெற்ற தமிழாசிரியன். எங்கள் ஊர் 1989இல் மாவட்டம் பிரியும் வரை வட ஆர்க்காட்டில்தான் இருந்தது என்பதால் உங்கள் கேள்விக்குப் பதில் சொல்லும் உரிமை எனக்கும் உண்டு என்று எடுத்துக்கொள்கிறேன்.

எங்கள் சுற்றுவட்டாரத்தில் பல்லவர் கால நடுகற்கள் நிறைய இருக்கின்றன. மாடு மீட்கும் சண்டையில் இறந்த வீரர்களுக்காக நட்டவை அவற்றில் பல, எழுத்து, தமிழ் எழுதப் பயன்பட்ட பழைய வரிவடிவமான வட்டெழுத்து. ஒருமுறை ஒன்பதாம் வகுப்பு மாணவர்களைக் கூட்டிச்சென்றபோது, ஒரு பையன் கல்லில் விரலை ஓட்டிப் பார்த்துவிட்டு, "ஐயா, புள்ளியே காணோமே, எப்படிப் படிச்சாங்க?" என்று கேட்டான். நல்ல கேள்வி. எகர ஒகரக் குறில்கள் புள்ளி பெறும் என்று தொல்காப்பியம் சொல்லியிருந்தும், கல்லில் வெட்டியவர்களும் ஓலையில் கீறியவர்களும் (இது உங்கள் பூனையின் கீறல்தான்) பெரும்பாலும் அதை இட்டதில்லை. ஆகவே கொல் என்பதும் கோல் என்பதும் கண்ணுக்கு ஒன்றாகவே தெரிந்தன. 18ஆம் நூற்றாண்டில் வீரமாமுனிவர் நெடிலுக்குத் தனி வடிவம் தரும் வரை நிலைமை ஏறத்தாழ இதுதான். அத்தனை நூற்றாண்டுகளிலும் கோலும் இருந்தது, கொலையும் இருந்தது. கை விட்டதை வாய் பிடித்துவைத்திருந்தது.

இதற்கு நேர்மாறானதும் உண்டு. அரை, அறை இரண்டையும் நம்மில் மிகப் பலர் இன்று ஒன்றாகவே ஒலிக்கிறோம். சொல்வதெழுதுதலில் 'அறைக்கு வாடகை' என்று நான் சொன்னதை அரைக்கு வாடகை என்று எழுதிய பிள்ளைகளுக்குக் கணக்கே இல்லை. அங்கே வாய் விட்டதை ஏடு காப்பாற்றுகிறது.

தொலைந்தது எது என்று கேட்டீர்கள். வட்டெழுத்து தொலைந்தது. நாளடைவில் அதில் பகரம், வகரம் போன்றவை வளைந்து வளைந்து ஒன்றையொன்று ஒத்துப்போயின. சொற்கள் ஒன்றாகிவிட்டால் இடத்தைப் பார்த்துப் பொருள் கொள்ளலாம். எழுத்துகளே ஒன்றாகிவிட்டால் படிப்பவன் எவ்வளவுதான் ஊகிப்பான்? அது வழக்கொழிந்ததற்கு ஆட்சி மாற்றம் முதலிய வேறு காரணங்களும் உண்டு. ஆனாலும், உங்கள் கணக்கர்கள் பயப்பட வேண்டியது எழுத்தைப் பற்றித்தான் என்பது என் எண்ணம்.

ஆரணியிலிருந்து:

உங்கள் ஓசைக் கணக்கர்களில் ஒருவரை நான் நேரில் சந்தித்திருக்கிறேன். வெளியூர்க் கல்லூரியொன்றில் முதலாண்டு படித்தபோது, "புத்தகம் கீதா?" (இருக்கிறதா) என்று பக்கத்துப் பெண்ணைக் கேட்டது விரிவுரையாளர் காதில் விழுந்துவிட்டது. எழுந்து நிற்கச் சொல்லி, எங்கள் மாவட்டத்தார் தமிழைக் கடித்துத் துப்புகிறவர்கள் என்றார். வகுப்பு சிரித்தது. அவரே அடுத்த நிமிடம், "சரி, ஒக்காரு" என்றார். 'உட்கார்' என்ற சொல்லை அவர் கடித்ததை ஒருவரும் கவனிக்கவில்லை. தூர்ந்தையில் யாருடைய தேய்மானத்துக்கு வரி, யாருடையதற்கு விலக்கு என்பதையும் நீங்கள் எழுத வேண்டும்.

மீண்டும் காட்பாடியிலிருந்து:

ஆரணி அக்கா சொன்னதை அப்படியே எடுத்துக்கொள்கிறேன். அரண்மனைப் பேச்சுக்கு வரிவிலக்கு என்று ஓர் அத்தியாயம் சேர்கிறது. ஐயாவின் நடுகல் வேறொரு பக்கம் என்னைத் தள்ளிவிட்டது. நேற்று ஆயா விதையை அளந்து கட்டிவைத்தார். படியை எல்லோருக்கும் தெரியும். பரணிலிருந்து அதோடு வந்த சின்ன இரும்பு அளவையைக் காட்டி, இதன் பெயரென்ன என்று தங்கையின் மகளைக் கேட்டேன்; "டம்ளரு" என்றாள். அது உழக்கு, படியில் கால் பங்கு. அந்தப் பெயரில் ஓர் எழுத்துகூடத் தேயவில்லை, ழகரத்தோடு முழுசாக இருக்கிறது. அதைச் சொல்லும் வாய்தான் எங்கள் வீட்டில் ஆயாவோடு நின்றுவிட்டது.

எனவே ஆண்டுக்கு ஒருமுறை மட்டும் உச்சரிக்கப்பட்ட அரசனின் பெயரை நாவலில் மாற்றி எழுதுகிறேன். பட்டுத் துணியை விலக்கிக் கணக்கர்கள் ஏட்டைத் திறக்கும்போது பெயர் சிதையாமல் இருக்கும். அது எதன் பெயர் என்று சபையில் ஒருவருக்கும் தெரியாது. உழக்கை மேசைமேல் எடுத்து வைத்திருக்கிறேன். ஆயா திருப்பிக் கேட்டுகினே கீறார்.