மறைமொழி ஆணையம்: கதைக்கு ஒரு கலைச்சொல்

அன்புள்ள நண்பர்களுக்கு வணக்கம்.

தம்பி எழுதிவரும் கதையில், சொன்னால் சொன்னபடி நடக்கும் மொழி ஒன்று இருக்கிறது. அம்மொழியில் எந்தச் சொல் செல்லும், எந்த எழுத்தை எந்த வடிவில் எழுத வேண்டும் என்று முடிவு செய்கிற அமைப்புக்குப் பெயர் கேட்டிருந்தார். ‘மாயமொழிக் கழகம்’, ‘மந்திரமொழி ஒழுங்குமுறை வாரியம்’ என இரண்டு பெயர்கள் வந்துள்ளன. நான் ‘மறைமொழி ஆணையம்’ என்பதைப் பரிந்துரைக்கிறேன்.

மாயம் என்றால் இல்லாததை இருப்பதாகக் காட்டுவது. தம்பியின் கதையில் சொல் உண்மையிலேயே வேலை செய்கிறது, ஆகவே அது பொருந்தாது. மந்திரத்தைப் பொறுத்தவரை, ‘நிறைமொழி மாந்தர் ஆணையிற் கிளந்த மறைமொழி தானே மந்திரம் என்ப’ என்று தொல்காப்பியச் செய்யுளியலே இலக்கணம் வகுத்துவிட்டது. அதாவது, சொன்னது பலிக்கும் பெரியோர் ஆணையிட்டுச் சொன்ன மறைபொருள் சொல்லே மந்திரம். அங்கே மொழி என்பது சொல்லைக் குறிக்கிறது. இன்று நாம் அதை முழு மொழிக்கும் வழங்குகிறோம். சொல்லையும் மொழியையும் ஒருங்கே ஆளும் அமைப்புக்கு இந்த இரட்டைப் பொருள் உதவவே செய்யும். கணினித் துறையில் மறையாக்கம் என்ற சொல் வேறு பொருளில் (தகவலைப் பிறர் படிக்க முடியாதபடி மாற்றுவது) வழங்குவதால் குழப்பம் வரும் என்று நண்பர் ஒருவர் எழுதியிருந்தார். ஆக்கம் என்ற ஈறும் மொழி என்ற ஈறும் அவற்றைப் பிரித்துக் காட்டும் என்றே நம்புகிறேன்.

அடுத்தது அமைப்பின் பெயர். திருவொற்றியூரில் கோயிலை ஒட்டிய தெருவொன்றில் செப்புத் தகடு எழுதும் பெரியவர் ஒருவரிடம் நான் சிறுவயதில் மணிக்கணக்கில் உட்கார்ந்திருந்தது உண்டு. உள்ளங்கை அளவுத் தகட்டை மரப்பலகைமேல் வைத்து, கூரிய ஆணியால் ஐந்துக்கு ஐந்து கட்டம் கீறி, ‘நமசிவய’ என்னும் ஐந்தெழுத்தை வரிசைதோறும் இடம் மாற்றி அடைப்பார். ஒருமுறை இருபதாவது கட்டத்தில் ‘ம’வின் வளைவு பிசகிவிட்டது. அவர் அதன்மேல் கீறித் திருத்தவில்லை; தகட்டையே ஒதுக்கி வைத்துவிட்டுப் புதியதை எடுத்தார். “அடிச்சு எழுதினா அது எழுத்து இல்லப்பா, கீறல்” என்றார்.

நமது வரிவடிவத்துக்கு இந்தக் கட்டுப்பாடு கிடையாது. பெரியார் 1935 முதல் தம் குடிஅரசு இதழில் கையாண்ட சீர்திருத்தத்தை 1978இல் தமிழ்நாடு அரசு ஏற்றபோது ‘லை’, ‘னை’, ‘றா’ முதலியவற்றின் உருவம் மாறியது. ஆனால் துதிக்கை வைத்த பழைய ‘லை’யில் எழுதிய மலையும் இன்றைய மலையும் அதே மலைதான். கதையின் மொழியில் வடிவம் மாறினால் மலை அசையாமல் போகலாம், அல்லது வேறொன்று அசையலாம். 1635இல் தோன்றிய பிரெஞ்சு அகாதமி போல அகராதி வெளியிட்டு அறிவுரை கூறும் கழகம் இதற்குப் போதாது. வாரியமும் போதாது, ஏனெனில் அது ஏற்கெனவே நடப்பதை ஒழுங்குபடுத்துவது. இங்கே அமைப்பு ஏற்றால்தான் எழுத்துக்கு உயிரே வருகிறது.

ஆணையம் என்றால் அரசு அலுவலக வாடை அடிக்கிறது என்ற மறுப்பை நான் மதிக்கிறேன். ஆனால் ஆணை என்பது கட்டளை மட்டும் அன்று. கோளறு பதிகத்தைச் சம்பந்தர் ‘ஆணை நமதே’ என்று முடிக்கும்போது, அது பாட்டின் பலனுக்குத் தரும் உறுதி. காசிமேட்டில் மீன் ஏலக் கணக்கில் பேச்சு முற்றும்போது ஒருவர் “அம்மா மேல ஆணை” என்றால், எதிரில் நிற்பவர் அதற்குமேல் கேட்பதில்லை. கட்டளை, அதிகாரம், சத்தியம் ஆகிய மூன்றும் ஒரே சொல்லில் அடங்குகின்றன. தொல்காப்பிய நூற்பாவிலும் அச்சொல் மறைமொழிக்குப் பக்கத்திலேயே நிற்கிறது. இத்தனையையும் தாங்கும் வேறு சொல் எனக்குத் தென்படவில்லை.

ஏற்பு பெற்ற வரிவடிவத்துக்கு ‘ஆணைவரி’ என்று முதலில் நினைத்தேன். படிப்பவர் அதை வரிவசூலாகவே கொள்வார் என்பதால் கைவிட்டேன். கையெழுத்து, தலையெழுத்து என்னும் வரிசையில் ‘ஆணையெழுத்து’ இயல்பாக அமைகிறது. ஏற்பு பெறாததைக் கள்ளநோட்டுப் போலக் ‘கள்ளவெழுத்து’ எனலாம். எழுதும் செயலுக்குப் புதுச்சொல் வேண்டாம். தகடு எழுதுவோர் சொல்லும் ‘எழுத்தடைத்தல்’ இருக்கிறது.

உறுப்பினரை ‘ஆணையர்’ என்று அழைக்க முடியாது. நம் ஊரில் அச்சொல்லைக் கேட்டதும் மாநகராட்சியின் ரிப்பன் மாளிகைதான் நினைவுக்கு வரும். அதே நூற்பாவிலிருந்து ‘நிறைமொழியர்’ என்று எடுத்துக்கொள்ளலாம். தம்பி இவற்றைத் தன் கதையில் இப்படி ஒருமுறை எழுதிப் பார்க்கட்டும்: “நிறைமொழியர் எழுவரும் கைவைத்த பிறகே, ஆணையம் அந்தக் கள்ளவெழுத்தை ஆணையெழுத்தாக ஏற்றது.” வாய்விட்டுப் படிக்கையில் எங்கேனும் நாக்கு இடறினால், எந்தச் சொல்லில் என்று எழுதுங்கள்.

அன்புடன்,
தண்டையார்பேட்டையிலிருந்து