தலைகீழாக ஓடிய இசை

சித்தப்பா: ராத்திரி, பிரெஞ்சு இயக்குநர் ழான் விகோ 1933இல் எடுத்த 'ஸீரோ த கொந்துயித்' படம் பார்த்தேன். விடுதிப் பையன்கள் தலையணைச் சண்டை போடும் இடத்தில் ஒரு இசை வருகிறது. இன்னும் காதைவிட்டுப் போகவில்லை. இசை மோரிஸ் ஜோபேர்.

அக்கா: பெயரே கேள்விப்பட்டதில்லை சித்தப்பா. அப்படி என்ன இசை?

சித்தப்பா: இறகு பறக்க, பையன்கள் கனவில் நடப்பதுபோல் மெதுவாக வருவார்கள். ஜோபேர் மெட்டைக் கடைசி சுரத்திலிருந்து முதல் சுரம்வரை தலைகீழாக எழுதி வாசிக்க வைத்தார். அப்புறம் அந்தப் பதிவைப் பின்பக்கமாக ஓட்டினார்.

தம்பி: இரண்டு முறை திருப்பினால் பழையபடிதானே வரும்?

சித்தப்பா: மெட்டு நேராகிவிடும்டா. சுரம் நேராகாது. மணி அடித்தால் ஓசை எழுந்து மெல்ல அடங்கும் இல்லையா? இங்கே அடங்கிய ஓசையில் தொடங்கி, பெருகி, சட்டென்று நிற்கும்.

தம்பி: பூஜை மணியைப் போனில் பதிவு செய்து ரிவர்ஸில் கேட்டேன். மூச்சை உள்ளே இழுப்பதுபோல் இருக்கிறது!

அம்மா: இவ்வளவு திறமை இருந்தும் அவர் ஏன் வெளியே தெரியவில்லை?

சித்தப்பா: அண்ணி, பிரான்சின் நீஸ் நகரத்தில் 1900இல் பிறந்தவர். வக்கீலாக இருந்து இசைக்கு வந்தார். நான் பார்த்த இந்தப் படத்துக்குத் தணிக்கையில் பல வருடம் தடை. அடுத்து 1934இல் விகோவின் 'லத்தலாந்த்', அதற்கும் ஜோபேர்தான் இசை. விநியோகஸ்தர்கள் படத்தை வெட்டி, அப்போது ஹிட்டான வேறொரு பாட்டை உள்ளே நுழைத்து, படத்துக்கே அந்தப் பாட்டின் பெயரை வைத்துவிட்டார்கள். அந்த அக்டோபரில் விகோ இறந்துபோனார். 29 வயது.

அக்கா: மனசே ஆறவில்லை சித்தப்பா.

சித்தப்பா: 1939இல் வந்த 'லெ ஜூர் ஸ லெவ்' படத்தையும் கேள். அறைக்குள் ஒருவன் அடைபட்டுக் கிடப்பான், தாளம் அவன் நெஞ்சுபோல் அடிக்கும். திரையில் தெரிவதையே இசை திரும்பச் சொல்லக்கூடாது என்று நினைத்தவர் ஜோபேர். 1940 ஜூன் 19 அன்று போர்முனையில் இறந்தார். மூன்றாம் நாள் பிரான்சும் ஜெர்மனியும் போர்நிறுத்த ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டன.

அம்மா: ஐயோ, மூன்று நாள்.

தம்பி: அவர் இசையும் அதோடு போய்விட்டதா?

சித்தப்பா: இல்லைடா. 1975இல் பிரெஞ்சு இயக்குநர் த்ரூஃபோ, 'அடேல் ஹெச்' படத்துக்கு ஜோபேரின் பழைய இசையையே எடுத்து வைத்தார். அடுத்து இன்னும் மூன்று படங்களுக்கும் அப்படித்தான். அவற்றில் கடைசியான 'லா ஷாம்ப்ர் வெர்த்'தில், இறந்தவர்களுக்காக மெழுகுவத்தி ஏற்றும் ஒரு சிறு கோயில் வரும். அதன் சுவரில் ஜோபேரின் படமும் மாட்டியிருக்கும்.

அம்மா: ஞாயிறு சாயங்காலம் எல்லாரும் இங்கே வாருங்கள். அந்தத் தலையணைச் சண்டையை நானும் கேட்க வேண்டும்.