உத்தரவில் இல்லாத சொல்லுக்கு யார் பொறுப்பு?

கரூர்க்காரன்:
தேர்தல் ஆணைய அதிகாரிகள் மீது கொலை வழக்குப் பதிய வேண்டும் என்று சென்னை உயர் நீதிமன்றம் "தீர்ப்பளித்தது" என நேற்று இங்கே ஒருவர் எழுதியிருந்தார். இது தவறு. சட்டமன்றத் தேர்தலில் கரூரில் 77 வேட்பாளர்கள் போட்டியிட்டதால் வாக்கு எண்ணும் இடத்தில் கொரோனாத் தடுப்பு ஏற்பாடுகள் வேண்டும் என்று அங்கே போட்டியிட்ட அ.தி.மு.க. வேட்பாளர் எம்.ஆர்.விஜயபாஸ்கர் தொடுத்த வழக்கு அது. 2021 ஏப்ரல் 26 அன்று தலைமை நீதிபதி சஞ்ஜிப் பானர்ஜி விசாரணையின்போது வாய்மொழியாகச் சொன்னதுதான் அந்தக் கொலை வழக்குப் பேச்சு. சுகாதாரத் துறைச் செயலாளருடன் கலந்து பேசி ஏற்பாடு செய்யுங்கள் என்றுதான் எழுத்து உத்தரவு பணித்தது. அந்தச் சொல் உத்தரவில் இல்லை.

வழக்காடி:
அப்படி எழுதியவன் நான்தான். ஆக்சிஜன் கிடைக்காமல் மக்கள் செத்துக்கொண்டிருந்த நாள்களில் பிரசாரக் கூட்டங்களைத் தடுக்காத ஆணையத்தை நீதிபதி வேறு எப்படிக் கேட்டிருக்க வேண்டும்? நாடே கேட்ட சொல்லை, காகிதத்தில் இல்லை என்பதற்காகச் சொல்லப்படவே இல்லை என்பீர்களா?

கரூர்க்காரன்:
சொல்லப்படவில்லை என்று நான் எங்கே எழுதினேன்? உத்தரவில் இல்லை என்றேன். அந்தச் சொல்லை நீக்கக் கோரி ஆணையம் உச்ச நீதிமன்றம் போனபோது, மே 6 அன்று நீதிபதிகள் சந்திரசூட், எம்.ஆர்.ஷா அமர்வும் அதைத்தான் சொன்னது. சொற்கள் கடுமையானவை, உருவகம் பொருத்தமற்றது, ஆனால் பதிவில் இல்லாததை நீக்கும் கேள்வியே எழாது என்றது.

வழக்காடி:
பாதியை மட்டும் சொல்கிறீர்கள். விசாரணையில் பேசப்படுவதை ஊடகங்கள் வெளியிடுவதைத் தடுக்க முடியாது என்றும் அதே தீர்ப்பு சொன்னது. வழக்கறிஞரின் வாதத்தைச் சோதிக்க நீதிபதி பேசித்தான் ஆக வேண்டும். வாயைக் கட்டிவிட்டால் திறந்த நீதிமன்றம் எதற்கு?

அமுதவல்லி:
இருவரும் உத்தரவு, உத்தரவு என்கிறீர்களே, அந்தச் சொல் யார் மீது விழுகிறது என்று பார்த்தீர்களா? என் தந்தை கிராம நிர்வாக அலுவலராக இருந்தவர். ஒரு பட்டா வழக்கில் கோப்புடன் போய் நின்றவரை, "சம்பளம் வாங்கிக்கொண்டு ஊரை ஏமாற்றுகிறாயா" என்று நீதிபதி கேட்டார். அன்றைய உத்தரவில் அடுத்த வாய்தாத் தேதி மட்டுமே இருந்தது. மறுநாள் டீக்கடையில் நாளிதழை நாலாக மடித்து, அந்தச் செய்தி மேலே தெரியும்படி யாரோ வைத்திருந்தார்கள். என் தந்தை டீயைக் குடிக்காமலே காசை வைத்துவிட்டு வந்தார். எழுதியிருந்தால் மேல்முறையீடு செய்திருக்கலாம். எழுதாத சொல்லை எந்த நீதிமன்றத்தில் போய் நீக்கச் சொல்வது?

கரூர்க்காரன்:
அம்மா, நான் சொல்ல வந்ததும் இதுதான். காவல் துறையை விட மோசமான குற்றக் கும்பல் நாட்டில் இல்லை என்ற பொருளில் அலகாபாத் நீதிபதி ஆனந்த் நாராயண் முல்லா எழுத்தில் எழுதியதால்தான் 1963இல் உச்ச நீதிமன்றத்தால் அதை நீக்க முடிந்தது. குறை சொல்லப்படுபவருக்கு விளக்கம் தர வாய்ப்பு இருந்ததா, அதற்குச் சான்று உண்டா, வழக்கை முடிக்க அந்தச் சொல் தேவையா என்ற மூன்று கேள்விகளும் அந்த வழக்கில் பிறந்தவைதான். ஏப்ரல் 26ஆம் தேதிப் பேச்சை அவற்றில் வைத்துப் பாருங்கள்.

வழக்காடி:
முல்லா உருதுக் கவிஞரும்கூட. மனம் வெந்து எழுதியவரை இங்கே குற்றவாளி ஆக்காதீர்கள். அதிருக்கட்டும், 2024இல் கர்நாடக உயர் நீதிமன்ற நீதிபதி ஒருவர் பெங்களூருவின் ஒரு பகுதியைப் பாகிஸ்தான் என்றபோது இந்த மூன்று கேள்விகளையும் எங்கே வைத்திருந்தீர்கள்? அதைப் பற்றி இங்கே நடந்த விவாத இழையில் உங்கள் பெயரே இல்லையே.

கரூர்க்காரன்:
அந்த இழையில் நான் எழுதிய இரண்டு பதிவுகளும் நீக்கப்பட்டன. யார் புகார் கொடுத்தார்கள் என்று எனக்கும் தெரியும், உங்களுக்கும் தெரியும். அந்தக் கர்நாடக நீதிபதி வருத்தம் தெரிவித்த பிறகே உச்ச நீதிமன்றம் அதை முடித்து வைத்தது. உத்தரவில் இல்லாத சொல்லுக்கும் பொறுப்பு உண்டு என்பதற்கு அதுவே சான்று.

வழக்காடி:
நான் புகார் கொடுக்கவில்லை. ஒரு வட்டாரத்து மக்களை இழிவுபடுத்துவதும், அதிகாரத்தில் இருப்பவரைக் கண்டிப்பதும் உங்களுக்கு ஒன்றாகத் தெரிந்தால் மேலே பேசுவதில் பயனில்லை.

அமுதவல்லி:
என் தந்தை எந்த அதிகாரத்தில் இருந்தார், ஐயா?

வழக்காடி:
உங்கள் தந்தையைப் பற்றி நான் ஒரு சொல்லும் சொல்லவில்லை.

கரூர்க்காரன்:
"தீர்ப்பளித்தது" என்ற உங்கள் சொல் நேற்றைய பதிவில் இன்னும் அப்படியே இருக்கிறது. அதை எப்போது திருத்துவீர்கள்?